கல்யாண மேஜை அலங்காரத்தை விருந்தினர் கையில் கொடுத்து அனுப்புவது எப்படி?

விருந்து முடிந்து கூட்டம் கலையத் தொடங்கும் நேரம். மேஜை நடுவில் இருக்கும் பூ இன்னும் வாடவில்லை. ஒரு அம்மா போகிற போக்கில் அதைத் தொட்டுப் பார்க்கிறார். சுற்றும்முற்றும் பார்க்கிறார். எடுக்கலாமா கூடாதா என்று தெரியாமல் கையை இழுத்துக்கொண்டு போய்விடுகிறார். அரை மணி நேரத்தில் அதே பூ குப்பைப் பைக்குள் போகிறது. பல கல்யாணங்களில் இதைப் பார்த்துவிட்டேன், ஒவ்வொரு முறையும் மனசு கேட்பதில்லை. வாரக்கணக்கில் யோசித்து, நிறம் பொருத்தி, மாதிரி செய்து பார்த்து வைத்த அலங்காரம் அது.

எடுத்துக்கொள்ள ஆசைப்படுகிறவர்கள் எல்லா மேஜையிலும் இருக்கிறார்கள். கேட்கத்தான் கூச்சம். "யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளுங்கள்" என்று பொதுவாக அறிவித்தாலும் சரிவராது. வேகமான இரண்டு பேர் நாலு நாலாக அள்ளிக்கொள்வார்கள், மற்றவர்கள் பார்த்துக்கொண்டு நிற்பார்கள். நடுவில் ஒரு சின்ன விளையாட்டை வைத்துவிட்டால் கூச்சம் போய்விடும், யாருக்கும் மனக்கசப்பு வராது. அதைவிட, முகம் தெரியாமல் ஒரே மேஜையில் உட்கார்ந்திருந்தவர்கள் சிரித்துப் பேச ஆரம்பிப்பார்கள். எனக்கு இந்தக் கடைசி விஷயம்தான் ரொம்பப் பிடிக்கும்.

இதற்குச் செலவு அதிகமில்லை. ஆனால் முன்கூட்டியே யோசிக்க வேண்டியவை சில உண்டு. வரிசையாகப் பார்க்கலாம்.

முதல் படி: எது உங்களுடையது, எது வாடகை?

இதைக் கேட்காமல் அடுத்த படிக்குப் போகாதீர்கள். மேஜையில் இருப்பதெல்லாம் நீங்கள் காசு கொடுத்து வாங்கியது என்று நினைத்துக்கொள்வோம். பெரும்பாலும் பூவும் மெழுகுவர்த்தியும் மட்டும்தான் உங்களுடையதாக இருக்கும். கண்ணாடி ஜாடி, உலோக ஸ்டாண்டு, அடியில் வைக்கும் வட்டக் கண்ணாடி, கூண்டு விளக்கு, மேஜை விரிப்பு எல்லாம் டெக்கரேட்டரின் வாடகைப் பொருளாக இருக்க வாய்ப்பு அதிகம்.

எங்கள் வீட்டுக் கல்யாணம் ஒன்றில் இது நடந்தது. பூவை எடுத்துக்கொள்ளச் சொன்னோம். விருந்தினர்கள் ஜாடியோடு எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். தப்பு அவர்கள் பேரில் இல்லை, நாங்கள் தெளிவாகச் சொல்லவில்லை. மறுநாள் ஒவ்வொருவருக்காகப் போன் செய்து ஜாடியைத் திருப்பிக் கேட்டதை நினைத்தால் இப்போதும் சங்கடமாக இருக்கிறது. கொடுத்த பரிசைத் திருப்பிக் கேட்பது போலத்தானே அது.

அதனால் டெக்கரேட்டரிடம் ஒப்பந்தம் பேசும்போதே மூன்று கேள்விகளைக் கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். எந்தெந்தப் பொருள் திரும்பப் போக வேண்டும்? ஒரு ஜாடி உடைந்தாலோ காணாமல் போனாலோ எவ்வளவு கட்ட வேண்டும்? பிரிக்க எத்தனை மணிக்கு ஆள் வருவார்கள்? மூன்றாவது கேள்வியைப் பலர் கேட்பதே இல்லை. விருந்தினர்கள் இன்னும் உட்கார்ந்திருக்கும்போதே ஆட்கள் வந்து மேஜையைக் காலி செய்ய ஆரம்பித்தால் உங்கள் விளையாட்டுத் திட்டமெல்லாம் அங்கேயே நின்றுபோகும்.

ஜாடி வாடகைதான் என்றால் அதற்கும் வழி இருக்கிறது. பூக்களைத் தனித்தனியாகச் சொருகாமல், தண்டுகளைச் சேர்த்து நாரால் கட்டிய கொத்தாக ஜாடிக்குள் இறக்கி வைக்கச் சொல்லுங்கள். அப்படியே தூக்கினால் கொத்து கலையாமல் கையோடு வரும், ஜாடி மேஜையிலேயே நிற்கும். இல்லையென்றால் அழகான வெளி ஜாடிக்குள் சாதாரண பிளாஸ்டிக் கப் ஒன்றை வைத்து அதில் பூவை அடுக்கலாம். கப்போடு கொடுத்துவிடலாம். கொடுக்கக்கூடிய பொருளின் அடியில் பச்சைப் புள்ளி ஸ்டிக்கர், கொடுக்கக்கூடாததன் அடியில் சிவப்புப் புள்ளி ஸ்டிக்கர் என்று ஒட்டி வையுங்கள். மேஜையைப் பார்த்துக்கொள்ளும் உங்கள் வீட்டுப் பிள்ளைகளுக்கு அது போதும்.

இரண்டாவது படி: எண்ணிக்கை

ஒரு மேஜையில் 10 நாற்காலி இருந்தால் 10 வீடுகள் உட்கார்ந்திருக்கின்றன என்று அர்த்தமில்லை. கணவன், மனைவி, பிள்ளைகள் என்று வருவார்கள். எண்ணிப் பார்த்தால் ஒரு மேஜையில் நாலைந்து குடும்பம்தான் இருக்கும். இதை வைத்து அலங்காரத்தையே வேறு மாதிரி யோசிக்கலாம். நடுவில் ஒரே ஒரு பெரிய பூச்சாடி வைப்பதற்குப் பதிலாக, அதே பூக்களை ஐந்து சின்னக் குப்பிகளில் பிரித்துக் கூட்டமாக வைத்தால், பார்க்கவும் நிறைவாக இருக்கும், கிளம்பும்போது வீட்டுக்கு ஒன்றாகவும் கொடுக்கலாம்.

என்னைக் கேட்டால் இதுதான் எல்லாவற்றிலும் நல்ல ஏற்பாடு. யாரும் வெறுங்கையோடு போக மாட்டார்கள். உயரமான அலங்காரம் வேண்டும் என்று மணமக்கள் ஆசைப்பட்டால் தாராளமாக வையுங்கள், அதற்குத்தான் விளையாட்டு இருக்கிறது. பெரியதை ஜெயித்தவருக்குக் கொடுத்துவிட்டு, சுற்றி வைத்த குட்டி மெழுகுவர்த்திகளையோ சின்னத் தொட்டிச் செடிகளையோ மற்றவர்களுக்குக் கொடுக்கலாம்.

மூன்றாவது படி: நேரம்

சாப்பாடு முடிந்து, கூட்டம் கிளம்புவதற்கு முன்னால் ஒரு இடைவெளி வரும். அதுதான் சரியான நேரம். ரொம்ப முன்னதாகச் செய்தால் மேஜை மொட்டையாகிவிடும், அதற்கப்புறம் எடுக்கும் போட்டோவில் அலங்காரமே இருக்காது. ரொம்பத் தள்ளிப்போட்டால் வயதானவர்களும் கைக்குழந்தைக்காரர்களும் கிளம்பியிருப்பார்கள். பூவை ஆசையாக வாங்கிப் போகிறவர்களில் பாதிப்பேர் அவர்கள்தான்.

ஒரு யோசனை: யாருக்கு என்பதை இப்போதே முடிவு செய்துவிடுங்கள், எடுத்துப் போவது கிளம்பும்போது இருக்கட்டும். ஜெயித்தவர் பெயரை ஒரு சின்ன அட்டையில் எழுதி அலங்காரத்தில் தொங்கவிட்டால் போதும். மேஜையும் கடைசிவரை அழகாக இருக்கும்.

மெழுகுவர்த்தி இருந்தால் விளையாட்டுக்கு அரை மணி நேரம் முன்பே அணைத்துவிடச் சொல்லுங்கள். மேலே ஆடை கட்டியது போலத் தெரிந்தாலும் உள்ளே மெழுகு உருகிய நிலையிலேயே இருக்கும். பட்டுப்புடவையிலோ குழந்தையின் கையிலோ கவிழ்ந்தால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை.

நான்காவது படி: விளையாட்டைத் தேர்ந்தெடுப்பது

எல்லாவற்றையும் வைக்காதீர்கள். ஒன்று போதும், மிஞ்சிப்போனால் இரண்டு. பத்து நிமிடத்துக்கு மேல் இழுத்தால் ஆர்வம் வடிந்துவிடும்.

எந்த ஏற்பாடும் இல்லாமல் நடத்தக்கூடியது பிறந்தநாள் விளையாட்டு. "இன்றைய தேதிக்கு அடுத்து யாருடைய பிறந்தநாள் முதலில் வருகிறதோ அவருக்கு" என்று மைக்கில் சொன்னால் போதும், ஒவ்வொரு மேஜையும் தானாகவே கணக்குப் போட ஆரம்பித்துவிடும். "பக்கத்துப் பிறந்தநாள்" என்று மட்டும் சொன்னால் போன வாரம் பிறந்தநாள் கொண்டாடியவரும் அடுத்த வாரம் கொண்டாடப் போகிறவரும் உரிமை கேட்பார்கள், அதனால் "இனி வரப்போகும்" என்பதை அழுத்திச் சொல்லுங்கள். மாதத்தை மட்டும் கேட்பதும் சரிப்படாது. 8 பேர் இருக்கும் மேஜையில் எல்லோரும் வெவ்வேறு மாதத்தில் பிறந்திருக்க 100-க்கு 5 கூட வாய்ப்பில்லை. 10 பேர் என்றால் 200-க்கு ஒன்றுகூடத் தேறாது. தேதியையும் சேர்த்துக் கேட்டால் குழப்பம் வராது.

இதே வகையில் இன்னொன்று: "மணமகளையோ மணமகனையோ அதிக வருடமாகத் தெரிந்தவர் யார்?" இதில் ஒரு அழகு இருக்கிறது. "நான் மூன்றாம் வகுப்பிலிருந்து அவளோடு படித்தவள்" என்று ஒருவர் சொல்ல, "நான் அவளைத் தொட்டிலிலேயே பார்த்தவன்" என்று இன்னொருவர் சொல்ல, அங்கே ஒரு கதைக் கச்சேரியே தொடங்கிவிடும். ஆனால் ஒரே குடும்பத்தார் உட்கார்ந்திருக்கும் மேஜைக்கு இது ஒத்துவராது, எல்லோரும் பிறந்ததிலிருந்தே தெரிந்தவர்கள்தான். அங்கே "ரொம்பத் தூரத்திலிருந்து வந்தவர் யார்" என்று கேளுங்கள்.

சில கேள்விகளைத் தொடவே வேண்டாம் என்பது என் திடமான கருத்து. "கல்யாணமாகி அதிக வருடம் ஆனவர்கள்" என்பது பலர் வைக்கும் கேள்வி. துணையை இழந்தவரோ பிரிந்து வாழ்பவரோ அந்த மேஜையில் இருந்தால் அவர் முகம் எப்படியாகும்? பிள்ளைகள் எத்தனை, அடுத்த கல்யாணம் யாருக்கு, வயதில் மூத்தவர் யார் என்பதும் அப்படித்தான். பரிசு கொடுக்கிற சாக்கில் யாரையும் கூசவைக்கக் கூடாது.

ஒளித்துவைத்த அடையாளம் எல்லோருக்கும் தெரிந்த முறை. ஒரு நாற்காலியின் அடியில் ஸ்டிக்கர் ஒட்டி வைத்து, கடைசியில் தேடச் சொல்வது. செய்து பார்த்தால் இரண்டு சிக்கல் தெரியும். மக்கள் நாற்காலியை இஷ்டத்துக்கு இழுத்துப் போட்டுக்கொள்வார்கள், ஒரு மேஜையில் இரண்டு ஸ்டிக்கரும் இன்னொன்றில் ஒன்றுமே இல்லாமலும் போகும். முட்டிவலிக்காரர்கள் குனிந்து பார்க்க முடியாமல் தவிப்பார்கள். தட்டின் அடியில் ஒட்டினால் பரிமாறுகிறவர்கள் எடுத்துப்போய்விடுவார்கள். மேஜையில் பெயர்ச்சீட்டோ மெனு அட்டையோ வைக்கிறீர்கள் என்றால் அதன் பின்பக்கம் ஒரு சின்னப் பூ வரைந்து வையுங்கள். அட்டையைத் திருப்பிப் பார்ப்பது எல்லோராலும் முடியும்.

நாணய விளையாட்டு எனக்கு ரொம்பப் பிடித்தது. தொகுப்பாளர் மைக்கில், "ஒவ்வொரு மேஜையிலும் யாராவது ஒருவர் ஒரு சில்லறை நாணயம் எடுங்கள்" என்பார். ஏன், எதற்கு என்று சொல்ல மாட்டார். கொஞ்சம் தயங்கி யாரோ ஒருவர் எடுப்பார். பாட்டு ஓடும், நாணயம் கைமாறிக்கொண்டே சுற்றிவரும். பாட்டு நின்றதும் நாணயம் யார் கையில் இருக்கிறதோ அவர் எழுந்து நிற்பார், எல்லோரும் அவருக்குத்தான் பரிசு என்று நினைப்பார்கள். அப்போது தொகுப்பாளர் சொல்வார்: "கையில் வைத்திருப்பவருக்கு அந்த நாணயம். கேட்டவுடனே எடுத்துக் கொடுத்தாரே, அவருக்குத்தான் பூச்சாடி!" அந்தக் கணத்தில் எழும் சிரிப்புக்காகவே இதை நடத்தலாம். ஒன்றை மட்டும் கவனியுங்கள்: முதலில் எடுத்துக் கொடுத்தவர் யார் என்பதை மேஜைக்காரர்கள் ஞாபகம் வைத்திருக்க வேண்டும். பாட்டை முப்பது நாற்பது வினாடியில் நிறுத்திவிடுங்கள்.

பாட்டுக்குச் சுற்றிவிடும் பொருள் எப்போதும் நாணயம், கரண்டி, கைக்குட்டை மாதிரி உடையாததாக இருக்கட்டும். பூச்சாடியையே சுற்றிவிடும் கல்யாணங்களும் உண்டு. தண்ணீர் கொட்டும், கண்ணாடி நழுவும், வேண்டவே வேண்டாம்.

அடுத்தது இடது வலது கதை. மணமக்களைப் பற்றி ஒரு குட்டிக் கதை எழுதி வைத்துக்கொள்ள வேண்டும். படிக்கும்போது "இடது" என்று வந்தால் கையிலிருக்கும் பொருள் இடப்பக்கத்தவருக்குப் போகும், "வலது" என்று வந்தால் வலப்பக்கத்தவருக்கு. ஒரு மாதிரி இதோ:

"கல்யாணத்தன்று காலையில் மாப்பிள்ளை வண்டியின் இடதுபக்கம் உட்கார்ந்தார். போனை எடுக்க வலது பையில் கையை விட்டார், காணோம். இடது பையில் தேடினார், அங்கேயும் காணோம். பதறிப்போய், 'தெருமுனையில் வலதுபக்கம் திருப்பு, வீட்டுக்குப் போகலாம்' என்றார். வண்டி ஓட்டிய தம்பி வலதுபக்கம் திருப்பாமல் இடதுபக்கம் திருப்பிவிட்டார். 'என்னடா?' என்று அண்ணன் கத்த, 'போன் உன் இடது கையிலேதான் இருக்கு அண்ணா' என்றார் தம்பி."

இதில் இடது 4 முறை, வலது 3 முறை. ஆக, பொருள் எங்கே தொடங்கியதோ அங்கிருந்து ஒரு நாற்காலி இடப்பக்கம் தள்ளிப் போய் நிற்கும். இப்படி எண்ணிப் பார்ப்பது முக்கியம். இரண்டும் சம எண்ணிக்கையாக இருந்தால் கடைசியில் தொடங்கியவர் கைக்கே திரும்பிவிடும், விளையாடியதே வீண் என்று தோன்றும். வித்தியாசம் மூன்று, நாலு இருக்கும்படி எழுதினால் நல்லது. வித்தியாசமும் மேஜையில் இருக்கும் ஆட்களின் எண்ணிக்கையும் ஒன்றாகிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள், அப்போதும் அது சுற்றிக்கொண்டு தொடங்கிய கைக்கே வந்துவிடும்.

கதை எழுதும்போது இன்னொரு எச்சரிக்கை. "இடம்", "இடையில்", "வலம்", "வலி" போன்ற சொற்களைக் கூடுமானவரை தவிர்த்துவிடுங்கள். "உட்கார இடம்" என்று நீங்கள் சொல்லி முடிப்பதற்குள் "இட" என்று காதில் விழுந்ததும் பாதிக் கைகள் இடப்பக்கம் நீண்டுவிடும். வேண்டுமென்றே கலாட்டா செய்ய நினைத்தால் கடைசி வரியில் மட்டும் ஒன்றைச் சேர்த்துக்கொள்ளலாம். முதல் நான்கு வரியை மெதுவாகப் படியுங்கள், பழகியதும் வேகத்தைக் கூட்டுங்கள்.

மேடையில் இருக்கும் பெரிய அலங்காரம், நுழைவாயிலில் வைத்த பெரிய பூக்கூடை மாதிரி ஒன்றே ஒன்று இருப்பவற்றுக்கு 'பூவா தலையா'தான் சரி. எல்லோரும் எழுந்து நிற்க வேண்டும். தலை என்று நினைப்பவர் தலைமேல் கை வைக்கட்டும். பூ என்று நினைப்பவர் இரண்டு உள்ளங்கையையும் பூ விரிந்தது போலச் சேர்த்து முகத்துக்கு முன் பிடிக்கட்டும். நாணயத்தைச் சுண்டிவிட்டு எது விழுந்தது என்று அறிவித்ததும், தப்பாகச் சொன்னவர்கள் உட்கார்ந்துவிடுவார்கள். ஒவ்வொரு சுற்றிலும் ஏறத்தாழப் பாதிப்பேர் குறைவதால் 100 பேர் இருந்தால் ஏழு சுற்று, 200 பேர் என்றால் எட்டு சுற்றில் முடிந்துவிடும். கூட்டம் இரண்டு மடங்கானாலும் ஒரே ஒரு சுற்றுதான் கூடும் என்பதால் எவ்வளவு பெரிய மண்டபத்திலும் தைரியமாக நடத்தலாம். தாத்தா பாட்டியெல்லாம் முகத்துக்கு முன் கையைப் பூவாக விரித்துக்கொண்டு நிற்பது போட்டோகிராபருக்கும் நல்ல வேட்டை. நிற்க முடியாதவர்கள் உட்கார்ந்தபடியே விளையாடலாம் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

கூழாங்கல், கோலிக்குண்டு, மணி நிரப்பிய கண்ணாடி ஜாடி அலங்காரமாக இருந்தால் 'எத்தனை இருக்கிறது' என்று ஊகிக்கவிடலாம். நிரப்பும்போதே எண்ணி, எண்ணிக்கையை உறையில் போட்டு ஒட்டி யாரிடமாவது கொடுத்து வையுங்கள். நிரப்பிய பிறகு எண்ணுவது பெரும்பாடு. மேஜையில் சீட்டும் பேனாவும் இருந்தால் சாப்பாடு வரும்வரை பிள்ளைகளுக்குப் பொழுதும் போகும்.

மணமக்களைப் பற்றிய கேள்வி பதிலும் வைக்கலாம், மூன்று கேள்வி போதும். முதன்முதலில் எங்கே சந்தித்தார்கள், யார் முதலில் பேசினார்கள், யார் தினமும் தாமதமாக எழுந்திருப்பார் என்கிற மாதிரி. இருவரிடமும் கேள்விகளைக் காட்டி ஒப்புதல் வாங்கிவிட்டே மைக்கில் கேளுங்கள்.

விளையாட்டே வேண்டாம் என்றாலும் தப்பில்லை. அமைதியாக நடத்த விரும்பும் குடும்பங்கள் உண்டு. மணமக்களே மேஜை மேஜையாகப் போய்த் தங்கள் கையால் ஒருவருக்கு எடுத்துக் கொடுக்கலாம். உடம்பு முடியாமலும் வந்த பெரியம்மா, இரவு முழுக்கக் கூடவே நின்று வேலை பார்த்த நண்பன், குழந்தையை அழவிடாமல் தோளில் போட்டுக்கொண்டிருந்த சித்தி என்று ஒவ்வொரு மேஜையிலும் ஒருவர் நிச்சயம் இருப்பார். எந்தக் குலுக்கலும் இதற்கு ஈடாகாது.

ஐந்தாவது படி: மைக்கில் என்ன சொல்வது?

யார் பேசப்போகிறார் என்பதை முன்னாடியே முடிவு செய்து, சொல்ல வேண்டியதை ஒரு தாளில் எழுதிக் கொடுத்துவிடுங்கள். சுருக்கமாக இருக்கட்டும்:

"ஒரு நிமிடம் எல்லோரும் இப்படிக் கவனியுங்கள். உங்கள் மேஜை நடுவில் இருக்கும் பூக்களை மணமக்கள் உங்களுக்கே கொடுக்க விரும்புகிறார்கள். மேஜைக்கு ஒருவருக்கு. யாருக்கு என்று இப்போது பார்த்துவிடுவோம். பூவை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள், கண்ணாடி ஜாடி மேஜையிலேயே இருக்கட்டும். வாசல் பக்கத்தில் பையும் பெட்டியும் வைத்திருக்கிறோம், போகும்போது வாங்கிக்கொள்ளுங்கள்."

யாருக்கு, எத்தனை, எதை விட்டுவிட வேண்டும், எப்படி எடுத்துப் போவது. இந்த நான்கும் வந்துவிட்டால் போதும். ஜாடியைப் பற்றிய வரியை மறுபடி ஒருமுறை சொன்னாலும் நல்லது. ஐந்து மேஜைக்கு ஒருவர் என்று உங்கள் வீட்டுப் பிள்ளைகளை நிறுத்தி வையுங்கள். இரண்டு பேர் ஒரே நேரத்தில் "எனக்குத்தான்" என்றால் அவர்கள் முடிவு செய்யட்டும். கையில் இரண்டு சின்னக் கொத்துகளை உபரியாகக் கொடுத்து வைத்தால் பாதி வழக்கு அங்கேயே தீர்ந்துவிடும்.

ஆறாவது படி: வீடுவரை போய்ச் சேர

ஆசையாக வாங்கியவர் வாசலில் நின்று "இதை எப்படிக் கொண்டுபோவது?" என்று விழிக்கும்படி விட்டுவிடாதீர்கள். வாசல் பக்கம் ஒரு சின்ன மேஜை போட்டு இவற்றை வையுங்கள்: அடி அகலமான காகிதப் பை, ஜாடி அளவுக்கு அட்டைப்பெட்டி, பழைய செய்தித்தாள், நனைத்த காகிதத் துண்டு, ரப்பர் பேண்டு, ஒரு வாளி. ஜாடியோடு போகிறது என்றால் தண்ணீரை வாளியில் கொட்டிவிட்டு விரற்கடை அளவு மட்டும் விட்டால் போதும். கொத்தாகப் போகிறது என்றால் தண்டின் அடியை நனைத்த காகிதத்தால் சுற்றி, மேலே ஒரு பிளாஸ்டிக் உறை மாட்டி ரப்பர் பேண்டு போட்டுவிடுங்கள். சில மணி நேரப் பயணத்தைத் தாங்கும்.

உயரமான அலங்காரம் பைக்கில் வந்தவருக்குக் கிடைத்தால் தலைவலிதான். அங்கேயே பிரித்துக் கட்டிக் கொடுக்க ஒருவர் இருக்கட்டும். விமானத்தில் போகிறவருக்கு ஜாடித் தண்ணீரும் வேண்டாம், மண்ணோடு செடியும் வேண்டாம். வெளிநாட்டு விமானங்களில் கைப்பையில் கொண்டுபோகும் திரவத்துக்குப் பல விமான நிலையங்களில் 100 மில்லி என்ற வரம்பு உண்டு. நாடு விட்டு நாடு செடியும் மண்ணும் கொண்டுபோகப் பல நாடுகள் அனுமதிப்பதில்லை. அவர்களுக்கு மெழுகுவர்த்தியோ பெயர் அட்டையோ கொடுங்கள்.

பூக்கள் பச்சைநிற நுரைப் பஞ்சில் சொருகியிருந்தால் பிடுங்கி மறுபடி சொருக வேண்டாம். முதலில் குத்திய ஓட்டையில் தண்டு சரியாக நிற்காது, தண்ணீரும் ஏறாது. நுரையோடு அப்படியே கொடுத்து, மேலே தினமும் கொஞ்சம் தண்ணீர் ஊற்றச் சொல்லுங்கள். அந்த நுரை ஒருவகைப் பிளாஸ்டிக். உரக்குழியில் போட்டால் மட்காது. இதையெல்லாம் யோசித்தால், கொடுத்து அனுப்பும் எண்ணம் இருக்கிறவர்கள் நுரையில்லாமல் தண்ணீரிலேயே அலங்காரம் செய்யச் சொல்வது நல்லது.

கூடவே ஒரு சின்ன அட்டை கட்டிவிடுங்கள். அதில் ஐந்தாறு வரி போதும்: வீட்டுக்குப் போனதும் தண்டின் அடியை ஒன்றிரண்டு சென்டிமீட்டர் சாய்வாக வெட்டவும். தண்ணீருக்குள் முங்கும் இலைகளைக் கிள்ளிவிடவும். இரண்டு நாளுக்கு ஒருமுறை தண்ணீரை மாற்றவும். வெயில் நேராகப் படாத மூலையில் வைக்கவும். பழத்தட்டுக்குப் பக்கத்தில் வேண்டாம், பழுக்கும் பழத்திலிருந்து வரும் எத்திலீன் வாயு பூவைச் சீக்கிரம் வாட்டிவிடும். செடியாக இருந்தால் அதன் பெயர், எவ்வளவு வெயில், எத்தனை நாளுக்கு ஒருமுறை தண்ணீர் என்று எழுதுங்கள். சதைப்பற்றுள்ள குட்டிச் செடிகளை அன்பு மிகுதியில் தினமும் தண்ணீர் ஊற்றியே அழுகவிடுகிறவர்கள் நிறையப் பேர், அதனால் "மண் காய்ந்த பிறகு மட்டும்" என்பதைக் கொட்டை எழுத்தில் எழுதலாம்.

மூன்று விஷயத்தில் மட்டும் கண்டிப்பாக இருங்கள். லில்லி இருந்தால் அட்டையில் குறிப்பிடவும். பூனைக்கு அதன் இதழ், மகரந்தம், ஜாடித் தண்ணீர்கூட விஷம், சிறுநீரகத்தையே கெடுத்துவிடும். ஜாடிக்குள் போடும் குட்டி விளக்குகளில் பெரும்பாலும் பட்டன் பேட்டரி இருக்கும். குழந்தை விழுங்கினால் இரண்டு மணி நேரத்துக்குள் உணவுக்குழாயைப் புண்ணாக்கிவிடும் சாமான் அது. மூடியில் ஸ்க்ரூ இல்லாத விளக்கை, குழந்தை இருக்கும் வீட்டுக்குக் கொடுக்காதீர்கள். தண்ணீரில் ஊதிப் பெருக்கும் ஜெல் மணிகளும் அப்படித்தான். மிட்டாய் மாதிரி பளபளக்கும், வயிற்றுக்குள் போனால் அங்கேயும் ஊதும். அதைக் கொட்டிவிட்டு வெறும் ஜாடியைக் கொடுங்கள்.

ஏழாவது படி: மிஞ்சியதை என்ன செய்வது?

என்ன செய்தாலும் கொஞ்சம் மிஞ்சும். முதலில் அங்கே வேலை பார்த்தவர்களைக் கேளுங்கள். பரிமாறியவர்கள், பாத்திரம் கழுவியவர்கள், போட்டோகிராபரின் உதவியாளர், வாசலில் நின்ற காவலாளி என்று அன்று முழுவதும் அந்தப் பூக்களைப் பார்த்துக்கொண்டே வேலை செய்தவர்கள் அவர்கள். "உங்களுக்கு வேண்டுமா?" என்று யாராவது கேட்டால் முகம் மலர்வதை நான் பார்த்திருக்கிறேன்.

முதியோர் இல்லத்துக்குக் கொடுக்க நினைத்தால் ஒரு வாரம் முன்பே பேசி, எந்த நேரத்தில் வாங்கிக்கொள்வார்கள், யார் பொறுப்பு என்று கேட்டு வையுங்கள். இரவு பதினொரு மணிக்குப் பூவோடு போய் நின்றால் அவர்களுக்கும் தொந்தரவு. மருத்துவமனை என்றால் எந்தப் பிரிவு என்பதும் முக்கியம். தீவிர சிகிச்சைப் பிரிவுகளில் பொதுவாகப் பூவை உள்ளே விடுவதில்லை. வாசனை தூக்கலான பூக்களையும் மகரந்தம் உதிரும் பூக்களையும் தனியே எடுத்துவிட்டு, பெரிய அலங்காரத்தைச் சின்னச் சின்னக் கொத்தாகப் பிரித்துக் கொண்டுபோங்கள். படுக்கை பக்கத்தில் வைக்க அதுதான் வசதி. மணமக்களின் பெயர் எழுதிய அட்டைகளைக் கழற்றிவிடலாம்.

வண்டியோடு ஒருவரை இதற்கென்றே நியமிக்காவிட்டால் இது நடக்காது. கல்யாண வீட்டில் அந்த நேரத்தில் எல்லோரும் களைத்துப்போயிருப்பார்கள். மணமக்களின் பெற்றோரைத் தவிர யாராவது ஒருவரிடம் சாவியையும் முகவரியையும் கொடுத்துவிடுங்கள்.

மணமக்களுக்கென்று ஒரே ஒரு கொத்தை ஒதுக்கி வைக்க மறக்க வேண்டாம். ரோஜா மாதிரிப் பூக்களைத் தலைகீழாகக் கட்டி, இருட்டான, காற்றோட்டமுள்ள மூலையில் இரண்டு மூன்று வாரம் தொங்கவிட்டால் நிறம் அதிகம் மங்காமல் காய்ந்துவிடும்.

கடைசியாக, டெக்கரேட்டரின் ஆட்கள் கிளம்புவதற்கு முன் சிவப்புப் புள்ளி ஒட்டிய ஜாடிகளை அவர்களோடு நின்று எண்ணி, இத்தனை ஒப்படைத்தோம் என்று ஒரு தாளில் இரண்டு தரப்பும் கையெழுத்துப் போட்டுக்கொள்ளுங்கள்.